அப்ரூவல் வழக்கு: டைம் டேபிள் ஜெயித்துக் கொடுத்த வேலை

அரசு உதவிபெறும் கல்லூரியில் உதவிப் பேராசிரியர் வேலை கிடைத்திருக்கிறது என்றதும் சொந்தக்காரர்கள் ஸ்வீட் கேட்பார்கள். நியமன ஆணை பாதிக் கிணறுதான் என்பது உள்ளே இருப்பவர்களுக்குத்தான் தெரியும். கல்லூரிக் கல்வி மண்டல இணை இயக்குநர் அலுவலகம், எங்கள் பேச்சில் ஜே.டி. ஆபீஸ், அந்த நியமனத்துக்கு ஒப்புதல் தந்தால்தான் அரசுச் சம்பளம். அதுவரை ஆள் கல்லூரியில் இருப்பார், வகுப்பு எடுப்பார், விடைத்தாள் திருத்துவார், என்.எஸ்.எஸ். முகாமுக்கும் போவார். அரசின் கணக்கில் மட்டும் இருக்க மாட்டார்.

தென்மாவட்டக் கல்லூரி ஒன்றின் தமிழ்த் துறையில் நான் அப்படிச் சில வருடங்கள் இருந்தேன். உயர் நீதிமன்ற மதுரைக் கிளைக்குப் போய் ஒப்புதலும் வாங்கினேன், நிலுவையும் வாங்கினேன். அதிலிருந்து யாராவது போன் செய்து, "சார், எந்தத் தீர்ப்பைக் காட்டினா வேலை நடக்கும்?" என்று கேட்டுக்கொண்டே இருக்கிறார்கள். தீர்ப்புகளுக்குப் பஞ்சமே இல்லை. என் அனுபவத்தில் இந்த வழக்குகள் ஒரு டைம் டேபிளிலும், ஒரு தேதியிலும், ஒரு வகுத்தல் கணக்கிலும்தான் ஜெயிக்கின்றன, தோற்கின்றன. அதனால் அந்தக் கணக்கையே முதலில் சொல்கிறேன்.

2013 மே 31-இல் எங்கள் துறையில் மூத்த பேராசிரியர் ஒருவர் ஓய்வு பெற்றார். அரசு ஏற்கெனவே அனுமதித்த பணியிடம் அது, புதிதாக உருவாக்கியது இல்லை. நிர்வாகம் பத்திரிகையில் விளம்பரம் கொடுத்தது, வேலைவாய்ப்பு அலுவலகத்திலும் பட்டியல் கேட்டது. இடஒதுக்கீட்டுக்கான 200 புள்ளி இனச்சுழற்சியில் அந்த இடம் எந்தப் பிரிவுக்கு வருகிறது என்று பார்த்து, பல்கலைக்கழகப் பிரதிநிதியை உட்கார வைத்து நேர்காணல் நடத்தினார்கள். தேர்வானேன், சேர்ந்தேன். ஒப்புதல் கேட்கும் கருத்துரு மூன்று பிரதிகளாக ஜே.டி. ஆபீஸுக்குப் போனது. ரொம்ப நாள் கழித்து அது ஒற்றை வரியோடு திரும்பி வந்தது: "போதிய பணிச்சுமை இல்லாததால் ஒப்புதல் அளிக்க இயலவில்லை."

பணிச்சுமை என்றால் என்ன? யுஜிசி என்கிற பல்கலைக்கழக மானியக் குழுவின் விதிப்படி, உதவிப் பேராசிரியர் வாரத்துக்கு 16 மணி நேரம் நேரடியாக வகுப்பு எடுக்க வேண்டும். இணைப் பேராசிரியருக்கும் பேராசிரியருக்கும் 14 மணி நேரம். இதைக் கேட்டுவிட்டு, "வாரத்துக்குப் பதினாறு மணி நேரத்துக்கா இவ்வளவு சம்பளம்!" என்று டீக்கடையில் ஆச்சரியப்படுகிறவர்கள் உண்டு. அதே விதியில் மொத்தப் பணிநேரம் வாரத்துக்கு 40 மணி, ஆண்டுக்கு 30 வாரம், அதாவது 180 கற்பித்தல் நாள் என்றும் இருக்கிறது. அது டீக்கடை வரைக்கும் போவதில்லை. அது போகட்டும். வழக்குக்குத் தேவை அந்த 16 தான். ஒரு துறையில் எத்தனை பேர் இருக்கலாம் என்பதை, மொத்த வகுப்பு நேரத்தை 16-ஆல் வகுத்துத்தான் முடிவு செய்கிறார்கள்.

எங்கள் கல்லூரியில் ஆறு நாள் டே ஆர்டர் (கிழமைக்குப் பதில் முதல் நாள், இரண்டாம் நாள் என்று சுழலும் கால அட்டவணை), நாளைக்கு ஐந்து மணி நேரம், ஆக ஒரு வகுப்புக்கு 30 மணி. அதில் பகுதி 1 தமிழுக்கு 6 மணி, முதல் இரண்டு வருடம் மட்டும். அரசு உதவிபெறும் இளநிலைப் பாடப்பிரிவுகள் பத்து. பத்து பிரிவு, இரண்டு வருடம், ஆறு மணி என்றால் 120. பி.ஏ. தமிழின் முதன்மைப் பாடம், சார்புப் பாடம் எல்லாம் சேர்ந்து 56. மொத்தம் 176. பதினாறால் வகுத்தால் சரியாக 11 பேர். துறையில் இருந்தவர்கள் பத்துப் பேர், நான் பதினோராவது ஆள். அரசுச் சம்பளம் இல்லாத சுயநிதிப் பிரிவு வகுப்புகளை இந்தக் கணக்கில் நாங்கள் தொடவே இல்லை. அதைச் சேர்த்துக் காட்டினால் அந்த இடத்திலேயே கருத்துரு செத்துவிடும், அது நியாயமும்கூட.

இவ்வளவு சுத்தமாக இருக்கும் கணக்கில் அவர்கள் எப்படிக் குறைத்தார்கள் என்பது எங்களுக்குப் புரியவே இல்லை. முதல்வர் அறையில் உட்கார்ந்து ஆளாளுக்கு ஒரு காரணம் சொன்னோம். சாதிக் கணக்கு என்றார் ஒருவர், "கவனிக்கவில்லை" என்றார் இன்னொருவர். ஜே.டி. ஆபீஸில் கண்காணிப்பாளராக இருந்து ஓய்வு பெற்ற ஒரு பெரியவரிடம் போனபோது அவர் கேட்டது ஒரே கேள்வி: "தம்பி, ஃபைலைப் பார்த்தியா?"

ஃபைலை எப்படிப் பார்ப்பது? தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் 6(1) பிரிவின்கீழ் ஒரு மனு, பத்து ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப், பதிவுத் தபால். எழுதிய விதம்தான் முக்கியம். "எனக்கு ஏன் ஒப்புதல் தரவில்லை?" என்று கேட்டால், காரணம் கேட்பது தகவல் ஆகாது என்று பதில் வரும். ஆவணமாகக் கேட்க வேண்டும். என் நியமனக் கருத்துரு தொடர்பான குறிப்புக் கோப்பின் நகல், பணிச்சுமைக் கணக்கீட்டுத் தாளின் நகல், அந்தக் கல்லூரித் தமிழ்த் துறைக்குப் பணியிடம் நிர்ணயித்த ஆணையின் நகல் என்று தனித்தனியாகக் கேட்டேன். சட்டப்படி 30 நாளில் பதில் வர வேண்டும். வரவில்லை. முதல் மேல்முறையீடு போட்டபிறகு வந்தது.

வந்த கட்டில் எனக்குத் தேவைப்பட்டது ஒரே ஒரு தாள். கணக்கீட்டுத் தாள். அதில் கணிதத்துக்கும் இயற்பியலுக்கும் பென்சிலால் ஓர் அடைப்புக்குறி, வரலாற்றுக்கும் பொருளாதாரத்துக்கும் இன்னோர் அடைப்புக்குறி. பக்கத்தில் சின்ன எழுத்தில் "இணைக்கலாம்". மாணவர் எண்ணிக்கை குறைவு என்று இரண்டிரண்டு வகுப்புகளை ஒன்றாக்கிவிட்டார்கள். இரண்டு ஜோடி, இரண்டு வருடம், ஆறு மணி: 24 மணி போச்சு. 176 இப்போது 152. பதினாறால் வகுத்தால் 9.5. பத்துப் பேர் தாராளம், பதினோராவது ஆள் உபரி. அதற்கும் மேலே தலைப்பில் எழுதியிருந்த கல்வியாண்டைப் பார்த்தால், 2013-14 இல்லை, அதற்கு அடுத்த வருடம். கருத்துரு அவர்களிடம் கிடந்த காலத்தில் சேர்க்கை குறைந்திருந்தது. அந்தக் குறைந்த எண்ணை வைத்து, காலியிடம் விழுந்த வருடத்தின் நியமனத்தை அளந்திருக்கிறார்கள்.

கோபம் வந்தது உண்மைதான். ஆனால் அந்தத் தாளைப் பார்த்ததும் நிம்மதியும் வந்தது. யாரோ வேண்டாதவர் செய்த வேலை என்று நினைத்தவரை எதிரி யாரென்றே தெரியவில்லை. இப்போது எதிரி ஒரு பென்சில் அடைப்புக்குறி.

மூட்டா என்கிற கல்லூரி ஆசிரியர் சங்கத்தில் இருந்த ஒரு மூத்தவர்தான் வக்கீல் மேடத்திடம் அனுப்பினார். நான் ஒரு பை நிறையத் தீர்ப்புகளை அச்செடுத்துக்கொண்டு போயிருந்தேன். அவர் பையைத் திறக்கவே இல்லை. "சார், தீர்ப்பை நான் பாத்துக்குறேன். நீங்க டைம் டேபிள் கொண்டாங்க. பிரின்சிபால் கையெழுத்து, சீல், அந்த வருஷத்துத் தேதியோட." அப்புறம் வகுப்பு வருகைப் பதிவேட்டின் நகல், வகுப்பறை ஒதுக்கீட்டுப் பட்டியல், பல்கலைக்கழகத் தேர்வு பெயர்ப்பட்டியல் என்று கேட்டுக்கொண்டே போனார். இரண்டு டே ஆர்டரில் இயற்பியல் முதலாண்டும் கணிதம் முதலாண்டும் ஒரே மணி நேரத்தில், வேறு வேறு அறையில், வேறு வேறு ஆசிரியரிடம் தமிழ் படித்திருக்கிறார்கள். இணைப்பு நடந்ததே கிடையாது என்பதற்கு இதைவிட என்ன சாட்சி வேண்டும்? பழைய டைம் டேபிளை எந்தத் துறையும் பத்திரமாக வைப்பதில்லை. எங்கள் துறையில் நோட்டீஸ் போர்டு பொறுப்பில் இருந்த ஒரு அம்மா பழையதைக் கிழித்துப் போடாமல் அடியில் சொருகிவைக்கும் பழக்கம் உள்ளவர். அவர் புண்ணியத்தில் கிடைத்தது. இன்றைக்குச் சேருகிறவர்களுக்கு நான் சொல்வது, ஒவ்வொரு பருவத்திலும் கையெழுத்தும் சீலும் உள்ள டைம் டேபிளை ஸ்கேன் செய்து உங்கள் சொந்த மெயிலில் போட்டுவையுங்கள்.

முதல் ரிட் மனு (அதிகாரிக்கு உத்தரவிடச் சொல்லி உயர் நீதிமன்றத்தில் போடுவது) எல்லாரும் போடுகிற மாதிரிதான்: என் கோரிக்கை மனுவைப் பரிசீலித்து ஆணையிடச் சொல்லுங்கள் என்பது. அட்மிஷன் கட்டத்திலேயே, இத்தனை வாரத்துக்குள் பரிசீலித்து முடிவெடுங்கள் என்று சொல்லி வழக்கை முடித்துவிட்டார்கள். வீட்டில் ஜெயித்துவிட்டதாகவே நினைத்தார்கள். பரிசீலிக்கச் சொன்னால் பரிசீலித்து நிராகரிக்கலாம், அதற்கும் அந்த ஆணையிலேயே இடம் இருக்கிறது. நிராகரித்தார்கள், மறுபடியும் அதே ஒற்றை வரி. இந்த முதல் சுற்றை நான் வீண் என்று சொல்ல மாட்டேன், கையெழுத்தோடு ஒரு நிராகரிப்பு ஆணை கையில் கிடைத்தது. ரத்து செய்யச் சொல்லி இரண்டாவது மனு போட அது வேண்டும். ஆனால் நிராகரிப்பு ஏற்கெனவே கையில் இருப்பவர்கள் மறுபடி "பரிசீலிக்கச் சொல்லுங்கள்" என்று போய் நிற்பது வருடத்தைத் தின்கிற வேலை. மனு மேல் மனு கொடுத்துக்கொண்டே இருந்தால் காலம் நமக்காக நிற்கும் என்றும் நம்பாதீர்கள். ஆறிப்போன உரிமைக்கு மனு கொடுத்து உயிர் வராது என்று உச்ச நீதிமன்றம் 2008-இல் ஒரு தமிழ்நாட்டு வழக்கிலேயே சொல்லியிருக்கிறது.

இரண்டாவது மனுவில் அரசுத் தரப்பு கவுண்டர், அதாவது பதில் மனு, தாக்கல் செய்தது. ஒற்றை வரியாக இருந்த காரணம் அதில் நாலு பக்கமாக வளர்ந்திருந்தது. வகுப்பு இணைப்பு, மாணவர் எண்ணிக்கை, நிதிச்சுமை, எல்லாமே புதிது. படித்ததும் எனக்கு வயிற்றைக் கலக்கியது. மேடம் சிரித்தார். ஓர் ஆணையை, அதில் எழுதியிருக்கும் காரணத்தை வைத்துத்தான் எடைபோட வேண்டும், பின்னால் அஃபிடவிட்டில் புதுக் காரணம் சேர்த்து அதற்கு முட்டுக்கொடுக்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் மொஹிந்தர் சிங் கில் வழக்கில் 1977 இறுதியிலேயே சொல்லிவிட்டது. தேர்தல் ஆணையம் சம்பந்தப்பட்ட அந்த வழக்கு, அப்ரூவல் வழக்குகளில் தினமும் வேலை செய்கிறது. நிராகரிப்பு ஆணை சுருக்கமாக இருந்தால் பயப்படாதீர்கள் என்று இதனால்தான் எல்லாரிடமும் சொல்கிறேன். விளக்கமாக, கணக்கோடு எழுதப்பட்ட நிராகரிப்புதான் உடைக்கக் கஷ்டம்.

அதே கவுண்டரில் இன்னொரு வரி இருந்தது: யுஜிசி விதிமுறை மாநில அரசை அப்படியே கட்டுப்படுத்தாது. இதைக் கேட்டால் பலருக்கு ஆத்திரம் வரும். ஆனால் இதில் விஷயம் இருக்கிறது. 2015 மார்ச்சில், மதுரை காமராசர் பல்கலைக்கழகத் துணைவேந்தர் கல்யாணி மதிவாணன் நியமன வழக்கில், 2010-ஆம் ஆண்டு யுஜிசி ஒழுங்குமுறைகள் மத்தியப் பல்கலைக்கழகங்களுக்குக் கட்டாயம், மாநிலப் பல்கலைக்கழகங்களுக்கோ மாநில அரசு ஏற்றுக்கொண்டால்தான் என்ற பொருளில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. பிறகு காற்று மாறியது. 2022-இல் குஜராத்தின் சர்தார் படேல் பல்கலைக்கழக வழக்கு, அதே வருடம் கேரளத்தின் ஏ.பி.ஜே. அப்துல் கலாம் தொழில்நுட்பப் பல்கலைக்கழக வழக்கு, இரண்டிலும் யுஜிசி விதிக்கு மாறான துணைவேந்தர் நியமனம் செல்லாது என்று வந்தது. எனவே வெறுமனே "யுஜிசி சொல்லிவிட்டது" என்று மனுவில் எழுதினால் போதாது. மாநில அரசு அதை எந்த அரசாணையில் ஏற்றுக்கொண்டது என்று எண், தேதியோடு காட்ட வேண்டும். 2018 ஒழுங்குமுறைகளைத் தமிழ்நாடு 11.01.2021 தேதியிட்ட உயர்கல்வித் துறை அரசாணை (நிலை) எண் 5 வழியாக ஏற்றது. அதற்கு முந்தைய நியமனங்களுக்கு அந்தந்தக் காலத்து அரசாணை எதுவோ அதைத் தேட வேண்டும். எந்தத் தேதியில் எந்த விதி உயிரோடு இருந்தது என்பதில்தான் பல வழக்கு கவிழ்கிறது.

விதி நடுவில் மாறிவிடும் ஆபத்தும் உண்டு. 2016 மே மாதம் யுஜிசி ஒரு திருத்தத்தில் வகுப்பு நேரத்தைத் தூக்கியது. உதவிப் பேராசிரியருக்கு 16 என்றிருந்தது 18 ஆகி, டுடோரியல் மாதிரியானவற்றுக்குத் தனியாக 6 என்று ஆனது. டெல்லிப் பல்கலைக்கழக ஆசிரியர்கள் விடைத்தாள் திருத்துவதை நிறுத்திவிட்டுத் தெருவில் இறங்கினார்கள். காரணம் சோம்பேறித்தனம் கிடையாது. 16-ஆல் வகுத்தால் 11 பேர் வரும் துறையில் 24-ஆல் வகுத்தால் ஏழு பேரோடு கொஞ்சம்தான் வரும். அங்கே நான்கு மாதத்துக்கு ஒருமுறை நியமனக் கடிதம் வாங்கிக்கொண்டிருந்த அட்ஹாக் ஆசிரியர்கள்தான் முதலில் போயிருப்பார்கள். சில வாரங்களிலேயே யுஜிசி பின்வாங்கியது. பணிச்சுமை விதி ஒவ்வொன்றும் உள்ளுக்குள் ஆட்குறைப்பு விதி என்பதை அன்றைக்குத்தான் எங்கள் ஊர்ப் பேராசிரியர்களும் பேசத் தொடங்கினார்கள்.

என் வழக்கில் சிக்கல் இல்லாத இடம் தகுதி. தேசியத் தகுதித் தேர்வான நெட் முடித்திருந்தேன். என்னோடு மனு போட்ட இன்னொருவருக்கு முனைவர் பட்டம் மட்டும், அதுவும் 2009-க்கு முன் பதிவு செய்தது. நெட் கட்டாயம் என்ற விதி செல்லும், பழைய முனைவர் பட்டத்துக்குத் தானாக விலக்கு கிடையாது என்று பி. சுசீலா வழக்கில் 2015 மார்ச்சில் தீர்ப்பு வந்ததும் அவர் முகம் இருண்டுவிட்டது. அடுத்த வருடமே யுஜிசி ஒரு வழி திறந்தது. 2009 ஜூலை 11-க்கு முன் பதிவு செய்தவர்கள் ஐந்து நிபந்தனைகளைப் பூர்த்தி செய்ததாகப் பல்கலைக்கழகத்திடம் சான்றிதழ் வாங்கினால் விலக்கு. முழுமையான நேரடி முறையில் பட்டம், இரண்டு வெளித் தேர்வாளர்கள், திறந்த வாய்மொழித் தேர்வு, இரண்டு கட்டுரை வெளியீடு, இரண்டு கருத்தரங்க வாசிப்பு. ஆய்வேட்டைச் சமர்ப்பித்து வருடக்கணக்காகிவிட்ட பிறகு கருத்தரங்கச் சான்றிதழைத் தேடி வீட்டுப் பரணைக் கவிழ்த்தார் மனிதர். கடைசியில் கிடைத்தது. அந்தச் சான்றிதழை வழக்கு வந்தபிறகு வாங்கப் போகாதீர்கள், வேலை தேடும்போதே வாங்கி வையுங்கள்.

நிர்வாகத்தோடு உறவு ஒரு தனிச் சங்கடம். சம்பளம் வராத காலத்தில் நிர்வாகம்தான் ஏதோ ஒரு தொகை கொடுத்துவந்தது, அந்த நன்றி எனக்கு உண்டு. ஆனாலும் மனுவில் கல்லூரியை எதிர்மனுதாரராகச் சேர்த்தே ஆக வேண்டும். செயலர் வருத்தப்பட்டார். "உங்க மேல குறை சொல்லலைங்கய்யா, உங்க கையில இருக்குற ரெக்கார்டு கோர்ட்டுக்கு வரணும்" என்று சொன்னபிறகு சமாதானமானார். கல்லூரி தரப்பில், பணியிடம் அனுமதிக்கப்பட்டது, தேர்வு முறையாக நடந்தது, ஆசிரியர் இந்தத் தேதியிலிருந்து தொடர்ந்து வேலை செய்கிறார் என்று ஒரு சின்ன அஃபிடவிட் போட்டார்கள். என் வழக்கில் பாதி பலம் அதுதான். நிர்வாகமே பகையாகிவிட்டவர்களுக்கு வேறு ஒரு பாதுகாப்பு இருக்கிறது. தமிழ்நாடு தனியார் கல்லூரிகள் ஒழுங்குமுறைச் சட்டம், 1976-இன் 19-ஆவது பிரிவின்படி, உரிய அதிகாரியின் முன் அனுமதி இல்லாமல் ஆசிரியரைப் பணிநீக்கம் செய்ய முடியாது. "நாளையிலிருந்து வராதே" என்று வாய்வார்த்தையாகச் சொன்னால், அன்றைக்கே வந்து வேலை செய்யத் தயாராக இருப்பதாகப் பதிவுத் தபாலில் எழுதிவிடுங்கள். நாமாக நின்றுவிட்டோம் என்றுதான் பிறகு சொல்வார்கள்.

சுயநிதிப் பிரிவில் இருப்பவர்கள் கேட்கும்போது எனக்குப் பதில் சொல்லத் தயக்கமாக இருக்கும். தொழிலாளர் நீதிமன்றத்துக்குப் போகலாமா என்பார்கள். ஆசிரியர் தொழில் தகராறு சட்டப்படி 'தொழிலாளர்' ஆக மாட்டார் என்று 1988-லேயே உச்ச நீதிமன்றம் முடித்துவிட்டது. ரிட் போடலாமா என்றால், உதவி பெறாத தனியார் நிறுவனத்தின் வெறும் பணி ஒப்பந்தத் தகராறுக்கு ரிட் கிடைக்காது, சட்டவிதி ஏதாவது மீறப்பட்டிருக்க வேண்டும் என்று 2022-இல் இன்னொரு தீர்ப்பு. ஆக அவர்களுக்கு முதல் கதவு 1976 சட்டத்துக்குள்ளே இருக்கும் மேல்முறையீடுதான். ஒன்று மட்டும் தைரியமாகச் சொல்வேன்: ஐந்து வருடத்துக்கு மேல் வேலை செய்தவர்கள் பணிக்கொடையை விட்டுக்கொடுக்காதீர்கள். 2009 திருத்தம் ஆசிரியர்களையும் பணிக்கொடைச் சட்டத்துக்குள் கொண்டுவந்தது, அதுவும் 1997 ஏப்ரலிலிருந்து அமலாகும்படி. 2022-இல் உச்ச நீதிமன்றமும் அதை உறுதி செய்துவிட்டது.

கௌரவ விரிவுரையாளர் கதை இதைவிடப் பெரிது. அரசுக் கலைக் கல்லூரிகளில் ஏழாயிரத்துக்கும் மேற்பட்டவர்கள், மாதம் 25,000 ரூபாய்க்கு, வருடத்தில் 11 மாதம் வேலை செய்கிறார்கள். மே மாதம் பசி எடுக்காது போலிருக்கிறது. யுஜிசி 2019 ஜனவரியில் எழுதிய கடிதத்திலோ ஒரு வகுப்புக்கு 1,500 ரூபாய், மாதத்துக்கு 50,000 வரை என்று இருக்கிறது. நிரந்தரம் கேட்டுப் போகிறவர்கள் எல்லாரும் 2006-இன் உமாதேவி தீர்ப்பில் முட்டிக்கொள்கிறார்கள். முறையான தேர்வு இல்லாமல் வந்தவருக்கு நிரந்தரம் உரிமையாகாது என்பது அதன் சாரம். அந்தச் சுவரில் மோதுவதைவிடப் பக்கத்தில் இரண்டு வாசல்களைப் பார்க்கச் சொல்கிறேன். ஒன்று, தற்காலிக ஆசிரியரை எடுத்துவிட்டு அந்த இடத்தில் இன்னொரு தற்காலிக ஆசிரியரைப் போட முடியாது என்ற கொள்கை. மத்தியப் பிரதேச விருந்தினர் ஆசிரியர்கள் வழக்கில் 2022 ஏப்ரலில் அது மறுபடி உறுதியானது. இன்னொன்று சமவேலைக்குச் சம ஊதியம். 2016-இன் ஜக்ஜித் சிங் தீர்ப்பு அடிப்படை. 2025 ஆகஸ்டில் குஜராத் ஒப்பந்த உதவிப் பேராசிரியர்கள் வழக்கில், மாதம் 30,000 வாங்கியவர்களுக்கு முறையான ஊதிய விகிதத்தின் குறைந்தபட்சத்தைத் தரச் சொன்னது உச்ச நீதிமன்றம். மேடையில் குருர் பிரம்மா பாடினால் மட்டும் போதாது என்ற பொருளில் நீதிபதிகள் எழுதியது அரசுகளுக்குச் சுருக்கென்று குத்தியிருக்கும்.

அந்த இரண்டு வாசலிலும் நுழைவுச் சீட்டு ஒன்றுதான்: நிரந்தர ஆசிரியர் செய்கிற அதே வேலையை நீங்கள் செய்தீர்கள் என்ற ஆதாரம். ஒவ்வொரு வருட நியமன ஆணை, வாரத்துக்கு எத்தனை மணி என்று தெரியும் டைம் டேபிள், தேர்வுப் பணி ஆணை, விடைத்தாள் திருத்தும் பணிக்கான கடிதம், வங்கிக் கணக்கு. ஒரு தம்பி பத்து வருடத்துக்கு மேல் வேலை செய்துவிட்டு, கையில் இரண்டே இரண்டு நியமன ஆணையோடு வந்தார். மீதி எல்லாம் வாய்மொழி உத்தரவு. அனுபவச் சான்றிதழும் முதல்வர் கையெழுத்தோடு நின்றிருந்தது. 2019-இல் ஆசிரியர் தேர்வு வாரியம் 2,331 பணியிடத்துக்கு அழைத்தபோது அனுபவத்துக்கு மட்டும் 15 மதிப்பெண் வரை இருந்தது. சான்றிதழுக்கு மேலொப்பம் வாங்க ஜே.டி. ஆபீஸ் வாசலில் கூட்டம் நின்றது. இன்றைய தேர்வு முறை வேறு, ஆனால் சான்றிதழை மேலொப்பத்தோடு வாங்கி வைக்கும் பழக்கத்தை விட வேண்டாம்.

சரி, என் வழக்குக்கு வருகிறேன். தனி நீதிபதி நிராகரிப்பு ஆணையை ரத்து செய்து, ஒப்புதல் தரச் சொன்னார். தீர்ப்பு வந்த அன்றே மேடம் கேவியட் போட்டுவிட்டார். அது 90 நாள் செல்லும். நமக்குத் தெரியாமல் மேல்முறையீட்டில் ஸ்டே வாங்குவதைத் தடுப்பதற்கு அது. கேவியட் காலாவதியாகும் தேதியைக் காலண்டரில் வட்டமிட்டு, தேவைப்பட்டால் புதிதாகப் போட வேண்டும். அரசு நிதானமாக, கால தாமதத்தைப் பொறுத்துக்கொள்ளும்படி மனுவோடு சேர்த்து ரிட் அப்பீல் போட்டது. அப்பீல் போட்டுவிட்டார்கள் என்பதாலேயே தீர்ப்பு நின்றுவிடாது, ஸ்டே வாங்கினால்தான் நிற்கும். இதைத் தெரியாமல், "அப்பீல்ல இருக்கு சார்" என்று ஜே.டி. ஆபீஸில் சொன்னதைக் கேட்டுத் திரும்பிப்போன பலரைப் பார்த்திருக்கிறேன். தீர்ப்பை நிறைவேற்றாததற்காகப் போடும் நீதிமன்ற அவமதிப்பு மனுவுக்கு ஒரு வருடம்தான் கெடு. "அப்பீல் முடியட்டும்" என்று உட்கார்ந்தால் கெடு போய்விடும். எங்கள் அப்பீல் தள்ளுபடியானது. அவமதிப்பு மனுவுக்கு எண் விழுந்த கொஞ்ச நாளில் ஒப்புதல் ஆணை வந்தது.

ஆணை வந்ததும் கண்ணீர் மல்கப் பார்க்க வேண்டியது தேதியை. எனக்கு வந்த முதல் ஆணை, ஆணை பிறப்பித்த நாளிலிருந்து ஒப்புதல் என்று எழுதியிருந்தது. தீர்ப்பிலோ "நியமன நாளிலிருந்து, அனைத்துப் பணப்பலன்களுடன்" என்று தெளிவாக இருந்தது. மேடம் முதல் மனுவிலேயே கோரிக்கையை அப்படி எழுதியிருந்ததால் தப்பித்தோம். தேதி தள்ளிப்போனால் நிலுவை மட்டும் போகாது, பணிமூப்பும் போகும், பதவி மேம்பாட்டுக்குக் காத்திருக்கும் வருடக் கணக்கும் மறுபடி முதலிலிருந்து ஓடும். திருத்திய ஆணை வாங்க இன்னும் சில நடை.

கடைசியாக, பலருக்குத் தெரியாத ஒன்று. பல வருட நிலுவை ஒரே நிதியாண்டில் வந்து விழும்போது வருமான வரி மேல் அடுக்குக்குப் போய்விடும். எங்கள் சம்பளப் பிரிவு எழுத்தர் வழக்கம்போலப் பிடித்துவிட்டார். எனக்கு நிலுவை வந்தபோது இருந்த 1961-ஆம் ஆண்டு வருமான வரிச் சட்டத்தின் 89-ஆவது பிரிவில், அந்தந்த வருடத்துச் சம்பளமாகப் பிரித்துக் கணக்கிட்டு நிவாரணம் கேட்க வழி இருந்தது. அப்போதைய படிவம் 10இ-யை இணையத்தில் தாக்கல் செய்துவிட்டுத்தான் ரிட்டர்ன் போட வேண்டியிருந்தது, வரிசை மாறினால் நோட்டீஸ் வரும். வருடவாரியாக நிலுவை எவ்வளவு என்று கல்லூரி அலுவலகத்தில் ஓர் அட்டவணை கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள். ஓய்வூதியப் பங்களிப்பு பிடித்தத்தையும் அதிலேயே தனி நெடுவரிசையாகப் போடச் சொல்லுங்கள், பின்னால் கணக்குத்தாளில் அந்தப் பணம் ஏறவில்லை என்றால் அந்த அட்டவணையைத்தான் கேட்பார்கள்.